ஃபார்வேர்ட்தானே பண்ணினேன், வக்கீலம்மா!

மீன்பிடித் தடைக்காலம் வந்தால் எங்கள் அலுவலகத்தில் கூட்டம் கூடிவிடுகிறது. ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் விசைப்படகுகள் கரையில் கட்டிக் கிடக்கும். மண்டபம், பாம்பன், தங்கச்சிமடம், இந்தப் பக்கம் தேவிபட்டினம், தொண்டி வரைக்கும் இளவட்டங்களுக்கு வலை சீர்பார்க்கிற நேரம் போக மிச்சமெல்லாம் போன்தான். அந்தச் சமயம் பார்த்து ஏதாவது ஒரு நடிகையின் பெயர் வழக்கு, வாய்த்தகராறு, மன்னிப்புக் கேள் என்று டிவியில் ஓட ஆரம்பித்துவிட்டால் தீர்ந்தது. அந்த அம்மாவுக்குச் சென்னையில் மூத்த வழக்கறிஞர்கள் இருக்கிறார்கள், அவர்கள் பார்த்துக்கொள்வார்கள். அவருடைய வழக்கு ஒரு வாய்தா நகர்வதற்குள் இங்கே நம்ம ஊர்ப் பையன்கள் பேரில் புதுசாக எஃப்.ஐ.ஆர். விழுந்துவிடுகிறது.

இந்த வருஷமும் அதேதான். ஒவ்வொருவருக்கும் தனித்தனியாகச் சொல்லிச் சொல்லித் தொண்டை வறண்டுபோனதால் எழுதியே போட்டுவிடுகிறேன். படித்துவிட்டு, தயவுசெய்து, இதையாவது ஃபார்வேர்ட் பண்ணுங்கள்.

போன பங்குனியில் நடந்ததைச் சொல்கிறேன். ஊரையும் ஆளையும் அடையாளம் தெரியாதபடி மாற்றியிருக்கிறேன். விசைப்படகில் போகிற பையன், கல்யாணம் ஆகாதவன். செய்தியில் அடிபட்டுக்கொண்டிருந்த ஒரு நடிகையின் முகத்தை வேறொரு பெண்ணின் உடம்பில் ஒட்டிச் செய்த அசிங்கமான வீடியோ, கரையில் இருக்கும்போதே அவன் போனில் இறங்கிவிட்டது. கடலுக்குள் போனபிறகு, வலை விட்டுவிட்டுச் சும்மா இருந்த நேரத்தில் அதைப் பார்த்து, ஊர் நண்பர்கள் குரூப்புக்கு அனுப்பும் பொத்தானை அழுத்தியிருக்கிறான். சிக்னல் இல்லை. செய்திக்குப் பக்கத்தில் சின்னக் கடிகாரக் குறி மட்டும் நின்றது. ராத்திரி முழுக்க நின்றது. அந்த நேரத்தில் அதை அழித்திருந்தால் ஒருவருக்கும் போய்ச் சேர்ந்திருக்காது. விடியக்காலையில் படகு கரையை நெருங்கும்போது டவர் கிடைத்தது, கடிகாரம் போய் டிக் வந்தது. குரூப்பில் இருந்த ஒருத்தர் அந்த நடிகையின் தீவிர ரசிகர். ஸ்கிரீன்ஷாட், வீடியோ எல்லாம் எடுத்துக்கொண்டு நேரே சைபர் கிரைமுக்குப் போய்விட்டார்.

பையனின் அம்மா என்னைப் பார்க்க வந்தார். கடல்தண்ணீர் படாமல் இருக்கப் பாலித்தீன் கவரில் சுற்றி, ரப்பர் பேண்ட் போட்ட அந்தப் போனை மேசைமேல் வைத்தார். கவருக்குள் ஒரு மீன் செதில் காய்ந்து ஒட்டியிருந்தது. “நீங்களே பாருங்க வக்கீலம்மா. இவன் ஒரு வரி எழுதியிருக்கானா? எவனோ அனுப்புனான், இவன் அனுப்புனான். இதுக்குப் போய் கேஸா?”

அக்கா, அதுக்குத்தான் கேஸே.

இந்த ஒரு விஷயத்தைத்தான் நான் அதிகமாகச் சொல்லப்போகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள். ஏனென்றால் படிக்காதவர் மட்டும் இப்படிக் கேட்பதில்லை. இன்ஜினியரிங் படித்தவர், ஆசிரியர், ஓய்வுபெற்ற அரசு ஊழியர் எல்லோரும் என் எதிரே உட்கார்ந்து இதே வசனத்தைத்தான் சொல்கிறார்கள். “நான் தயாரிக்கல மேடம், எனக்கு வந்தது.” தகவல் தொழில்நுட்பச் சட்டத்தின் 67ஆம் பிரிவு ஆபாசத்தை யார் தயாரித்தார் என்று தேடிக்கொண்டிருக்கவில்லை. வெளியிடுகிறவர், அனுப்புகிறவர், அனுப்பக் காரணமாக இருக்கிறவர் என்று எல்லோரையும் ஒரே வரியில் நிறுத்திவிடுகிறது. முதல் தடவைக்கே மூன்று வருஷம் வரை சிறை, ஐந்து லட்சம் வரை அபராதம். உடலுறவுக் காட்சியாக இருந்தால் 67ஏ. அதில் ஐந்து வருஷம், பத்து லட்சம். மூன்று வருஷப் பிரிவு ஜாமீனில் விடக்கூடியது, ஐந்து வருஷப் பிரிவு அப்படி இல்லை. இந்த வித்தியாசம் உங்களுக்குச் சின்னதாகத் தெரியலாம். எங்களுக்கு அது முன்ஜாமீன் மனுவுக்கும் ஸ்டேஷன் ஜாமீனுக்கும் உள்ள தூரம்.

அவதூறு வழக்கிலும் இதே கதைதான். பழைய இந்திய தண்டனைச் சட்டத்தில் 499, 500. 2024 ஜூலை 1 முதல் பாரதிய நியாய சன்ஹிதாவில் 356. பழி சொல்கிறவரும் அதைப் பிரசுரிக்கிறவரும் இரண்டு பேரும் மாட்டுவார்கள். குரூப்பில் போடுவதும் பிரசுரம்தான். நாலு பேர் உள்ள குரூப் என்றாலும் பிரசுரம்தான். “பலமுறை பகிரப்பட்டது” என்று இரட்டை அம்புக்குறி போட்டு வந்ததே, ஊருக்கே தெரிந்ததைத்தானே அனுப்பினேன் என்று ஒரு தம்பி வாதாடினார். அந்தக் குறியே உங்களுக்கு எதிரான சாட்சி, தம்பி. கைமாறிக் கைமாறி வந்தது, மூலம் தெரியாதது என்று போனே எச்சரித்தபிறகும் அனுப்பியிருக்கிறீர்கள் என்று அரசு வழக்கறிஞர் கேட்பார். அப்போது நான் என்ன பதில் சொல்வது?

நான் சொல்வதை நம்பாவிட்டால் உயர் நீதிமன்றம் சொன்னதைக் கேளுங்கள். 2018இல் நடிகரும் முன்னாள் எம்.எல்.ஏ.வுமான எஸ்.வி. சேகர் பெண் பத்திரிகையாளர்களை இழிவுபடுத்தும் ஒரு பதிவைத் தன் பேஸ்புக்கில் பகிர்ந்தார். தனக்கு வந்ததைப் படிக்காமல் பகிர்ந்துவிட்டதாகச் சொன்னார், நீக்கினார், மன்னிப்பும் கேட்டார். வழக்கை ரத்து செய்யச் சொல்லிப் போனபோது, 2023 ஜூலையில் சென்னை உயர் நீதிமன்றத்தில் நீதிபதி ஆனந்த் வெங்கடேஷ் மறுத்துவிட்டார். அனுப்பிய செய்தி வில்லிலிருந்து கிளம்பிய அம்பு, கிளம்பும்வரைதான் அது அனுப்புகிறவர் கையில் இருக்கிறது, பிறகு அது செய்யும் சேதத்துக்கு அவரே பொறுப்பு என்பதுதான் அந்தத் தீர்ப்பின் சாரம். அடுத்த மாதம் உச்ச நீதிமன்றமும் தலையிடவில்லை. 2024 பிப்ரவரியில் சென்னைச் சிறப்பு நீதிமன்றம் ஒரு மாதச் சிறைத் தண்டனை விதித்தது. பெயரும் புகழும் வசதியும் உள்ளவருக்கே “வந்தது, அனுப்பினேன்” கைகொடுக்கவில்லை. படகில் கூலிக்குப் போகிற பிள்ளைக்குக் கைகொடுக்குமா?

இன்னொரு கோஷ்டி இருக்கிறது. “66ஏ பிரிவையே சுப்ரீம் கோர்ட் அடிச்சிருச்சே மேடம்!” உண்மைதான். 2015 மார்ச் 24, ஸ்ரேயா சிங்கால் வழக்கு. அடித்தது, ஆன்லைனில் புண்படுத்தும் செய்தி அனுப்புவதைத் தண்டித்த 66ஏ பிரிவை மட்டும். 67, 67ஏ, அந்தரங்கப் படத்துக்கான 66இ, ஆள்மாறாட்ட மோசடிக்கான 66டி எல்லாம் அப்படியேதான் இருக்கின்றன. யூடியூபில் பாதி கேட்டுவிட்டு வந்து எனக்குச் சட்டம் சொல்லித் தருகிறார்கள். ஃபீஸ் மட்டும் தருவதில்லை.

சரி, அடுத்தது. “நடிகைன்னாலே பொது ஆள்தானே, என்ன வேணும்னாலும் பேசலாம்.” டீக்கடையில் இதைச் சொல்லாத ஆள் இல்லை. இதற்குச் சட்டத்திலேயே நேரடிப் பதில் இருக்கிறது, அதுவும் 1860இலிருந்து. அவதூறுப் பிரிவுக்கான விதிவிலக்குகளில் ஆறாவது, மக்கள் தீர்ப்புக்கு வைக்கப்பட்ட எந்தப் படைப்பைப் பற்றியும் நல்லெண்ணத்தோடு கருத்துச் சொல்லலாம் என்கிறது. பொதுமேடையில் தோன்றும் நடிகரோ பாடகரோ தன் நடிப்பையும் பாட்டையும் மக்கள் தீர்ப்புக்கு வைக்கிறார் என்று உதாரணமே கொடுத்திருக்கிறது. ஆகவே “அந்த அம்மாவுக்கு நடிக்கவே வரல”, “படம் மொக்கை”, “டான்ஸ் சகிக்கல” என்று தாராளமாக எழுதுங்கள், ஒருத்தரும் உங்களை ஒன்றும் செய்ய முடியாது. அதே உதாரண வரிசையில் கொஞ்சம் கீழே, புத்தகத்தை விட்டுவிட்டு எழுதினவனின் ஒழுக்கத்தைப் பற்றிப் பேசினால் விதிவிலக்கு கிடையாது என்றும் இருக்கிறது. நடிப்பு அவர் உங்கள் முன்னால் வைத்தது. அவர் யாரோடு போனார், எத்தனை கருக்கலைப்பு, எவ்வளவு ரேட் என்பதெல்லாம் அவர் உங்கள் முன்னால் வைத்தது கிடையாது.

“உண்மையைத்தானே சொன்னேன்” என்பார்கள். உண்மை மட்டும் போதாது. உண்மையாகவும் இருக்க வேண்டும், பொது நன்மைக்காகவும் இருக்க வேண்டும். இரண்டையும் நிரூபிக்கும் சுமை உங்கள் தலையில்தான். ஒரு நடிகையின் விவாகரத்து பற்றி வாலிநோக்கத்தில் இருக்கிற உங்களுக்கு என்ன உண்மை தெரியும், அதனால் ஊருக்கு என்ன நன்மை? ஆட்டோ சங்கர் வழக்கு என்று எல்லோருக்கும் தெரிந்த 1994ஆம் வருஷத் தீர்ப்பில், ஒருவரின் குடும்பம், திருமணம், தாய்மை பற்றி அவர் சம்மதம் இல்லாமல் எழுதக்கூடாது, எழுதியது உண்மையாக இருந்தாலும்கூட, என்று உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. நீதிமன்ற ஆவணம் போன்ற பொதுப் பதிவுகளில் உள்ளதைச் சொல்லலாம். நடிகை ஒரு வழக்கில் ஆஜரானார், ஜாமீன் கிடைத்தது, அடுத்த விசாரணை இந்தத் தேதி என்று எழுதுவதில் தவறே இல்லை. “ஜாமீன் எப்படிக் கிடைச்சிருக்கும்னு தெரியாதா” என்று கண்ணடிக்கிற பொம்மை போட்டீர்களே, அங்கேதான் வினை.

இதில் ஒன்றை மட்டும் கெஞ்சிக் கேட்கிறேன். பாலியல் கொடுமைக்கு ஆளான பெண் நடிகையாக இருந்தாலும் அவர் பெயரையும் படத்தையும் போடாதீர்கள். பாரதிய நியாய சன்ஹிதா 72ஆம் பிரிவில் இரண்டு வருஷம் வரை தண்டனை. 2017இல் கொச்சியில் காரில் கடத்தப்பட்டு ஒரு நடிகைக்கு நடந்த கொடுமை உங்களுக்குத் தெரியும். அந்தக் காட்சிப் பதிவின் நகலைக் குற்றம் சாட்டப்பட்டவரே கேட்டபோது, வக்கீலோடு வந்து பார்த்துக்கொள்ளலாம், நகல் கிடையாது என்று 2019இல் உச்ச நீதிமன்றம் மறுத்தது. வழக்கு நடத்த உரிமை உள்ளவருக்கே நகல் இல்லை. “லிங்க் இருக்கா மச்சி” என்று கேட்கிறவர்கள் கொஞ்சம் யோசிக்க வேண்டும்.

எதிர்ப்பக்கமும் தொல்லை உண்டு. நடிகை ஏதோ பேட்டியில் ஏதோ சொல்லிவிட்டார், எங்கள் மனம் புண்பட்டுவிட்டது, கேஸ் போடுங்கள் என்று துண்டு போட்டுக்கொண்டு கூட்டமாக வருகிறவர்கள். வாசலில் போட்டோகிராபரும் நிற்பார். (எங்கள் தொழிலிலும் இதற்கென்றே சிலர் இருக்கிறார்கள். பெயர் சொன்னால் நாளைக்கு வக்கீல் சங்க அறையில் முகம் பார்க்க முடியாது.) இவர்களுக்கு நான் குஷ்பு வழக்கைச் சொல்லி அனுப்பிவிடுவேன். 2005இல் திருமணத்துக்கு முந்தைய உறவு பற்றி ஒரு பத்திரிகையில் அவர் சொன்ன கருத்துக்காக ஊர் ஊராகப் புகார்கள். மொத்தம் 23. உயர் நீதிமன்றம் 2008இல் ரத்து செய்ய மறுத்தது. அவர் உச்ச நீதிமன்றம் போனார். 2010 ஏப்ரல் 28 அன்று தலைமை நீதிபதி கே.ஜி. பாலகிருஷ்ணன் அமர்வு 23 புகார்களையும் ஒரே தீர்ப்பில் ரத்து செய்தது. அவர் தனியாக யாரையும் குறிப்பிட்டுப் பழி சொல்லவில்லை, அதனால் புகார்தாரர்களில் ஒருவர்கூடச் சட்டம் சொல்லும் ‘பாதிக்கப்பட்ட நபர்’ ஆக மாட்டார் என்பது முக்கியமான காரணம். மனம் புண்பட்ட எல்லோரும் அவதூறு வழக்குப் போட முடியாது. 2018இல் கண்ணடித்த காட்சிக்காகக் கேரள நடிகை பிரியா பிரகாஷ் வாரியர் மேல் தெலங்கானாவில் போட்ட எஃப்.ஐ.ஆர். என்ன ஆனது? அதுவும் உச்ச நீதிமன்றத்தில் ரத்து.

இதிலிருந்து ஒன்றைக் கவனியுங்கள். நடிகை மேல் கேஸ் விழுந்துவிட்டது என்று டிவியில் சிவப்புப் பட்டை ஓடுவதாலேயே அவர் குற்றவாளி ஆகிவிட மாட்டார். 23 கேஸ் விழுந்தும் ஒன்றும் நிற்கவில்லை, ஐந்து வருஷ அலைச்சல்தான் மிச்சம். அந்த ஐந்து வருஷத்தில் அவரைப் பற்றி வாய்க்கு வந்ததைப் பேசியவர்கள் தீர்ப்பு வந்த அன்றைக்கு ஒரு வார்த்தை பேசவில்லை.

ஆனால் இங்கே ஒரு நுணுக்கம். அவதூறுக்குத்தான் பாதிக்கப்பட்டவரே வரவேண்டும்; அதுவும் மாஜிஸ்திரேட் முன்னால் தனிநபர் புகாராக, போலீஸ் தானாக எஃப்.ஐ.ஆர். போட முடியாது. ஆபாசப் படத்துக்கு அந்தக் கட்டுப்பாடு இல்லை. யார் வேண்டுமானாலும் தகவல் கொடுக்கலாம், போலீஸ் தானாகவே பதியலாம். “அந்த நடிகையே புகார் குடுக்கலையே” என்று அந்தப் பையனின் அம்மாவும் கேட்டார். நடிகை கொடுக்க வேண்டியதில்லை.

வாட்ஸ்அப் பூட்டுப் போட்டது, போலீசால் பார்க்க முடியாது என்ற நம்பிக்கையும் இந்தப் பக்கம் பலமாக இருக்கிறது. பூட்டை யாரும் உடைப்பதில்லை. உங்கள் குரூப்பில் உட்கார்ந்திருக்கும் உங்கள் மச்சினனே ஸ்கிரீன்ஷாட் எடுத்துக் கொடுப்பான். போன தேர்தலிலிருந்து உங்களோடு பேச்சுவார்த்தை இல்லாதவன்.

ரசிகர்களுக்குத் தனியாக ஒரு வார்த்தை. 2023 நவம்பரில் ராஷ்மிகா மந்தனாவின் முகத்தை வேறொரு பெண்ணின் வீடியோவில் ஒட்டி விட்டார்களே, நாடே பேசியதே, அதில் டெல்லி போலீஸ் யாரைப் பிடித்தது தெரியுமா? 2024 ஜனவரியில் ஆந்திராவின் குண்டூர் பக்கத்து இளைஞர் ஒருவரை. இன்ஜினியரிங் படித்தவர். அந்த நடிகையின் எதிரி இல்லை, அவர் பெயரில் ரசிகர் பக்கம் நடத்தியவர். இன்ஸ்டாகிராமில் பின்தொடர்கிறவர்களைக் கூட்டுவதற்காகச் செய்ததாகப் போலீஸ் சொன்னது. வெளியே வந்ததும் பயந்துபோய் அழித்தும் பார்த்திருக்கிறார். டெல்லியிலிருந்து ஆந்திரா எவ்வளவு தூரம்? பாம்பன் பாலம் தாண்டி யாரும் வரமாட்டார்கள் என்று நினைக்கிறவர்களுக்காகச் சொல்கிறேன்.

இதை இவ்வளவு வலியுறுத்துவதற்கு வேறு ஒரு காரணமும் இருக்கிறது. நடிகையின் படத்தில் கைபழகினவன் அடுத்து ஊரில் ரீல்ஸ் போடுகிற பெண்ணின் படத்தில் கைவைக்கிறான். அந்தக் கேஸ் கட்டுகளும் என் அலமாரியில் இருக்கின்றன. நடிகைக்குப் பேட்டி கொடுத்து மறுக்க ஒரு மைக் இருக்கிறது. உச்சிப்புளியிலோ பெரியபட்டினத்திலோ இருக்கிற பெண்ணுக்கு என்ன இருக்கிறது? காலேஜை நிறுத்துகிறார்கள், போனைப் பிடுங்குகிறார்கள், அவசரமாக மாப்பிள்ளை பார்க்கிறார்கள். அப்படி வந்த ஒரு பெண் என்னிடம் கேட்டது சட்டப்பிரிவு இல்லை, “வாப்பாகிட்ட நீங்க சொல்லுவீங்களா?” என்றுதான். பெற்றவர்களே, உங்கள் மகளின் படத்தை எவனோ வெட்டி ஒட்டியிருந்தால் குற்றம் அவன்மேல். மகளைத் திட்டுகிற நேரத்தில் 1930க்குப் போன் போடுங்கள், அல்லது cybercrime.gov.in தளத்தில் புகார் பதியுங்கள், பெண்கள் குழந்தைகள் சம்பந்தப்பட்டதற்குத் தனிப் பகுதியே இருக்கிறது. படம் வெளியான தளத்துக்கும் நீக்கச் சொல்லி உடனே எழுதுங்கள், நீக்கும் பொறுப்பு அவர்களுக்கு உண்டு. அதற்கு முன்னால் ஸ்கிரீன்ஷாட் எடுங்கள்: லிங்க், கணக்கின் பெயர், தேதி, நேரம் எல்லாம் தெரிகிற மாதிரி. முகத்தை மட்டும் வெட்டி எடுத்த படத்தைக் கொண்டுவந்தால் அதை வைத்து நான் ஒன்றும் செய்ய முடியாது. மின்னணுச் சாட்சியத்துக்குச் சான்றிதழ் வேண்டும், புதுச் சாட்சியச் சட்டத்தில் 63ஆம் பிரிவு. படம் எந்தப் போனில் வந்ததோ அந்தப் போனை மாற்றாமல் வைத்திருந்தால் பாதிச் சிக்கல் குறையும்.

குரூப் அட்மின்கள் நடுங்க வேண்டாம். 2021 டிசம்பரில் மதுரைக் கிளையில், கரூர் வழக்கறிஞர்களின் குரூப் சம்பந்தமான வழக்கில், வெறும் அட்மின் என்பதற்காக வேறொருவர் போட்ட பதிவுக்குப் பொறுப்பாக்க முடியாது என்று சொல்லிவிட்டார்கள். (ஆமாம், வழக்கறிஞர்கள் குரூப்தான். சிரிக்காதீர்கள்.) ஆனால் அசிங்கம் வந்ததும் கைதட்டுகிற பொம்மை போட்டு, “இன்னும் இருக்கா” என்று கேட்ட அட்மின் வெறும் அட்மின் இல்லை. நீக்கும் வசதி இருக்கிறதே, அதை அழுத்துவதற்கு என்ன?

பழைய கதைக்கு வருகிறேன். அந்தப் பையனுக்கு முன்ஜாமீன் கிடைத்தது. நிபந்தனை, தினமும் காலை பத்தரை மணிக்கு ராமநாதபுரத்தில் கையெழுத்து. ஜூன் பாதியில் தடைக்காலம் முடிந்து படகெல்லாம் இறங்குகிறது. இன்றைக்குக் காலையில் கடலுக்குப் போக அனுமதி டோக்கன் வாங்கிப் போனால் நாளைக்குக் காலையில்தான் கரை. தினமும் பத்தரைக்குக் கையெழுத்துப் போடுகிறவன் எந்தப் படகில் ஏறுவான்? பாம்பன் பாலம் தாண்டிப் பஸ்ஸில் வந்து கையெழுத்துப் போட்டுவிட்டுத் திரும்பிப் போனான், சம்பாத்தியம் இல்லாமல். நிபந்தனையைத் தளர்த்தத் தனி மனு, அதற்கொரு செலவு. போன் மகஜர் (பறிமுதல் பதிவு) போட்டுக் கவரில் சீல் வைக்கப்பட்டுத் தடய அறிவியல் ஆய்வகத்துக்குப் போய்விட்டது. எப்போது வரும் என்று மாதம் ஒருமுறை கேட்கிறார்கள். வங்கி ஆப், சம்பளக் கணக்கு, தங்கச்சி கல்யாணப் படம் எல்லாம் அதில்தான்.

அதோடு முடியவில்லை. அவன் துபாய் போக ஏஜென்டிடம் பணம் கட்டியிருந்தான். கீழக்கரை, தொண்டி, பனைக்குளம் ஆட்களுக்கு இதை நான் விளக்கவே தேவையில்லை. குற்றவியல் நீதிமன்றத்தில் வழக்கு நிலுவையில் இருந்தால் பாஸ்போர்ட்டை மறுக்கலாம் என்று பாஸ்போர்ட் சட்டம் 6(2)(எஃப்) சொல்கிறது. நீதிமன்ற அனுமதி வாங்கினால் போகலாம். எஃப்.ஐ.ஆர். மட்டும் இருந்தால் அது நிலுவை வழக்கே இல்லை என்று நான் வாதாடுவேன், ஜெயிக்கவும் செய்யலாம். ஏஜென்ட் அதுவரைக்கும் விசாவைக் கையில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பாரா?

பயத்தில் செய்கிற இரண்டு காரியங்கள் இன்னும் மோசம். ஒன்று, போனை ரீசெட் அடிப்பது, கடலில் போடுவது. மின்னணுப் பதிவைச் சாட்சியாக வரவிடாமல் அழிப்பதற்கே தனிக் குற்றம் இருக்கிறது, பாரதிய நியாய சன்ஹிதா 241ஆம் பிரிவு. ஐந்து வருஷ வழக்கோடு இன்னொன்றைச் சேர்த்துக்கொள்கிறீர்கள். இரண்டாவது, வீடியோ காலில் காக்கிச் சட்டை போட்டு ஒருவன் வந்து, “நீ ஆபாசப் படம் பார்த்தாய், உன்னை டிஜிட்டல் அரஸ்ட் செய்கிறோம், கேமராவை அணைக்காதே, ஐம்பதாயிரம் அனுப்பு” என்றதும் அனுப்பிவிடுவது. டிஜிட்டல் அரஸ்ட் என்று எந்தச் சட்டத்திலும் கிடையாது. பணம் போய்விட்டால் அடுத்த நாள் யோசித்து, அதற்கடுத்த நாள் மாமாவிடம் கேட்டு, அப்புறம் என்னிடம் வராதீர்கள். உடனே 1930. நேரம் போகப் போகப் பணம் வேறு வேறு கணக்குக்குத் தாவிவிடும்.

நடிகையைப் பற்றிய செய்தி வந்தால் என்ன செய்வது என்று கேட்கிறீர்களா? படியுங்கள், உங்கள் வீட்டில் உட்கார்ந்து வம்பு பேசுங்கள், வேண்டாமென்றால் கேட்கப் போகிறீர்களா என்ன? படம், வீடியோ மட்டும் கை தாண்டக் கூடாது. போனில் மீடியா தானாக இறங்கும் வசதியை அணைத்து வையுங்கள். பழைய பதிவுகள் முகநூலில் கிடந்தால் இப்போதே எடுத்துவிடுங்கள். எடுத்துவிட்டால் செய்த குற்றம் இல்லாமல் போய்விடாது, மேலும் பரவாமலாவது இருக்கும். “அது பழசு” என்பதும் உதவாது. மூன்று வருஷம் வரை தண்டனை உள்ள குற்றங்களுக்கு மூன்று வருஷம் வரை வழக்கை எடுக்கலாம்.

புகார் வந்துவிட்டால் போலீஸ் பெரும்பாலும் முதலில் நோட்டீஸ்தான் கொடுக்கும். ஏழு வருஷம் வரை தண்டனை உள்ள குற்றங்களில் எடுத்த எடுப்பில் கைது செய்யக்கூடாது என்பது 2014லிருந்து உச்ச நீதிமன்றத்தின் நிலை. அந்த நோட்டீஸ் இப்போது புதுக் குற்றவியல் நடைமுறைச் சட்டமான பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 35ஆம் பிரிவில் வருகிறது. அதை வாட்ஸ்அப்பில் அனுப்பக்கூடாது என்றும் 2025 ஜனவரியில் சொல்லிவிட்டார்கள். ஆகவே வாட்ஸ்அப்பில் சிங்கமுத்திரையோடு வருவதை நம்பிப் பதறாதீர்கள். கையில் கொடுத்தால் வாங்குங்கள், வாங்க மறுக்காதீர்கள், கேரளாப் பக்கம் படகுக்குப் போய்விட்டான் என்று வீட்டில் பொய் சொல்லவும் வைக்காதீர்கள். ஆஜராகாமல் ஓடினால்தான் கைதுக்குக் காரணம் கிடைக்கிறது. நோட்டீஸையும் ஆதாரையும் எடுத்துக்கொண்டு, போனை அழிக்காமல் அப்படியே கொண்டுவாருங்கள். அதில் போட்டிருக்கிற தேதிக்கு இரண்டு நாள் முன்னாலேயே வாருங்கள். அன்றைக்குக் காலை பத்து மணிக்கு, நான் கவுனை மாட்டிக்கொண்டு படியிறங்கும்போது வந்து வழியை மறித்தால் என்னால் ஒன்றும் செய்ய முடியாது.